சுளகில் வந்த கொள்ளு

சிவமயம்

அச்சுவேலி,
பிரசோற்பத்தி வருஷம் ஆவணி மாதம் 20ந் தேதி

என்றும் சிரஞ்சீவியாய் இருக்க வேண்டிய என் மகன் சோமசேகரத்துக்கு அம்மா ஆசீர்வதித்து எழுதிக்கொள்வது. பிள்ளையார் கிருபையினால் இங்கே ஐயாவும் நானும் தங்கச்சி நல்லம்மாவும் உடம்புக்குக் குறைவில்லாமல் இருக்கிறோம், ஐயாவின் முழங்கால் நோவைத் தவிர. அந்த நோவும் நான் ஏதாவது கேள்வி கேட்கும்போது மட்டும் வருகிற நோ. நீ சுகம் என்று எழுதியது கண்டு சந்தோஷம். ஆனால் இந்த முறை சுகம் என்ற சொல்லை இரண்டு தரம் எழுதியிருக்கிறாய், முந்தின கடிதங்களில் ஒரு தரந்தான் எழுதுவாய், அதனால் காய்ச்சல் வந்து மறைக்கிறாயோ என்று எனக்கு ஒரு நினைவு. அப்படி இருந்தால் மறைக்காமல் எழுது. நீ அனுப்பிய குதிரைப் புத்தகப் பார்சல் ஆடி அமாவாசைக்கு அடுத்த கிழமை வந்து சேர்ந்தது. அதில் கட்டியிருந்த சணல் முடிச்சு உன்னுடைய முடிச்சு இல்லை. நீ சின்ன வயதிலிருந்து கன்றுக்குட்டி கட்டுகிற முடிச்சுத்தான் போடுவாய், இது வேறு. தபால்காரன் கதிரவேலுவைக் கூப்பிட்டுக் கேட்டேன். 'கடல் தாண்டி வாற சாமானை எத்தினை கை அவிட்டுக் கட்டுதோ, நானோ அம்மா அவிட்டனான்?' என்று சிரித்தான். சிரித்ததுதான் எனக்குப் பிடிக்கவில்லை. ஆனாலும் புத்தகம் முழுசாக இருந்தது, ஒற்றை ஒற்றையாக எண்ணிப் பார்த்தேன். அந்தப் புத்தகத்தால் இந்த வீட்டுக்கு வந்த நன்மை பெரிது. அதே புத்தகத்தைப் பற்றி உன்னிடம் கேட்க வேண்டிய ஒன்றும் இருக்கிறது, அதைக் கடைசியில் எழுதுகிறேன். நீ கடைசிக்குத் தாண்டிப் போகாமல் வரிசையாக வாசி.

வைகாசி மாதம் ஐயா உனக்கு எழுதின கடிதத்தில் குதிரை வந்தது என்று மட்டும் எழுதினாராம். எப்படி வந்தது என்று எழுதியிருக்க மாட்டார். காணி உறுதி எழுத ஊரூராகப் போகிற உத்தியோகத்துக்கு மாட்டு வண்டில் மெல்ல ஆறுதலாகத்தான் போகும், இதே உத்தியோகம் பார்க்கிற புத்தூர் நொத்தாரிசு பக்கி வண்டிலில் பறக்கிறார் என்று இரண்டு வருஷமாக இவருக்கு ஒரு மனக்குறை. உனக்குப் பெண் பேசிவருகிற கொடிகாமத்து மார்க்கண்டு விதானையார் இதை எங்கேயோ கேட்டிருக்கிறார். ஒரு நாள் இவர் அங்கே போனார், போகும்போது எங்கள் வடக்கன் சோடி பூட்டின வண்டிலில் போனார், திரும்பி வரும்போது குதிரை பூட்டின பக்கியில் வந்தார். மாடு இரண்டையும் வண்டிலையும் அங்கே விட்டுவிட்டு, பக்கியையும் ஒரு சிவலை மட்டக் குதிரையையும் மாற்றிக்கொண்டு வந்து படலையில் நிற்கிறார். நான் கையால் தவிடு கொடுத்து வளர்த்த சோடி தம்பி. எனக்கு வந்த ஆத்திரத்தில் விளக்குக்குத் திரி போடவும் மறந்து போனேன். 'ஏழு வயசு, நல்ல வாலிபக் குதிரை, பேர் ராசா' என்றார். 'சோடி மாட்டுக்கு ஒற்றைக் குதிரையைத் தந்தவர், அதுவும் வாலிபக் குதிரையை, அந்த மனுசன் ஏன் தந்தார்?' என்று கேட்டேன். 'உமக்கு ஆரைப் பார்த்தாலும் ஐமிச்சம். சம்பந்தியாக வரப்போற மனுசன் என்ரை காலுக்கு இரங்கித் தந்தவர்' என்றார். 'சுழி பார்த்தீங்களோ?' என்றேன். நெற்றிச் சுழி, மார்புச் சுழி, முதுகுச் சுழி எல்லாம் சாத்திரப்படி உத்தமம், நாளும் நல்ல நாள், திங்கட்கிழமை அமிர்தசித்த யோகத்தில் கயிறு கை மாறினது என்று சொன்னார். நானும் விளக்கைப் பிடித்துக்கொண்டு சுழி சுழியாகப் பார்த்தேன், ஒரு குற்றமும் இல்லை. ஆனால் 'ராசா' என்று நான் கூப்பிட்டபோது அந்தக் குதிரை காதைக்கூட அசைக்கவில்லை. அதை மனதில் வைத்துக்கொண்டேன்.

குதிரை பார்க்கவென்று செபநாயகம் என்பவனை ஐயா பிடித்து வந்தார். நெடுந்தீவான், ஐம்பது வயதிருக்கும், வேதக்காரன். அந்தத் தீவில் குதிரைகள் மாடுபோலக் கூட்டமாக மேயுமாம், அவன் பிறந்ததிலிருந்து அதுகளோடே திரிந்தவன். வாய் குறைந்தவன். வாய் குறைந்தவர்களைக் கண்டால் எனக்கு இன்னும் கொஞ்சம் கூடுதலாகப் பார்க்க வேண்டியிருக்கும், அது உனக்குத் தெரியும். வந்த மூன்றாம் நாளே, கொள்ளை அவித்துத் தாருங்கோ அம்மா என்று கேட்டான். எனக்கு என்ன தோன்றியது என்றால், அவித்த கொள்ளு மனிதருக்கும் ருசி. பச்சைக் கொள்ளென்றால் எடுத்து வாயில் போட முடியாது. ஆகையால் நான் பச்சையாகவே காலை ஒரு கொத்தும் மாலை ஒரு கொத்தும் தலை தட்டி அளந்து, கொப்பியில் எழுதி, அவன் கையில் கொடுத்தேன். கொடுத்த பிறகு கொட்டிலுக்குள் நின்று குதிரை வாய் வைக்கும் வரைக்கும் பார்த்தும் இருக்கிறேன். இப்படி அளந்து கொடுத்தும் ஆனி பிறக்கக் குதிரை மெலிந்தது. ஆடியில் விலா எலும்பை எண்ணலாம். கண்ணுக்கு மேலே ஒரு குழி, அதில் நல்லெண்ணெய் விட்டால் நிற்கும், அவ்வளவு பள்ளம். நான் கொப்பியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன், அளவில் பிழையில்லை. பெட்டியைத் திறந்து பார்த்தேன், கொள்ளு கணக்குப்படி குறைந்திருக்கிறது. அப்படியென்றால் கொள்ளு போகிறது, குதிரைக்குப் போகவில்லை. வேறு யாருக்குப் போகும்? செபநாயகம் வீட்டில் கோழி வளர்க்கிறான் என்று நல்லம்மா சொன்னாள். எனக்கு அது போதும்.

ஒரு நாள் காலை, கோயில் ஐயரும் பக்கத்து வளவு இராசமலரும் நிற்க, நான் அவனைப் பிடித்துக்கொண்டேன். 'ஏன் செபநாயகம், உன்ரை கோழியளுக்கு எங்கடை கொள்ளு நல்லாய்ப் பிடிக்குதோ?' என்று கேட்டேன். அவன் என்னைப் பார்த்தான், குதிரையைப் பார்த்தான், தோளில் கிடந்த துண்டை உதறிப் போட்டுக்கொண்டு போய்விட்டான். இராசமலர் சும்மா இருக்கிறவளோ, 'அக்கை, கள்ளன் எண்டால் சத்தம் போடுவான், உவன் பேசாமல் போறானே' என்றாள். 'கைதேர்ந்த கள்ளன் சத்தம் போடான்' என்றேன் நான். இதை இப்போது எழுதவே எனக்குக் கை கூசுகிறது தம்பி, ஆனாலும் உன்னிடம் ஒளிக்கமாட்டேன், ஏன் என்று கடைசியில் உனக்கே விளங்கும். அடுத்த நாள் நான் பூசை முடித்துவிட்டு வர, செபநாயகம் குசினி வாசலில் நிற்கிறான், கையில் சுளகு. நான் நெல்லுப் புடைக்கிற சுளகுதான். அதிலே ஈரமாகக் கழுவின கொள்ளு, ஒரு கொத்துக்குக் கொஞ்சம் குறையும். 'இந்தாங்கோ அம்மா உங்கடை கொள்ளு' என்றான். 'எங்கையிருந்து எடுத்தாய்?' என்றேன். 'குதிரை தந்தது. ராத்திரிப் போட்ட லத்தியைக் கிணத்தடியிலை கழுவி எடுத்தனான். முழுசு முழுசாய்க் கிடக்குது. எண்ணிப் பாருங்கோ, குறைஞ்சால் என்னட்டைக் கேளுங்கோ.' அவ்வளவுதான் சொன்னான். குப்பைக் கிடங்குக்குப் போய்ப் பார்த்தேன். குதிரை வந்த நாளிலிருந்து கொட்டின லத்தியின் மேல் கொள்ளுச் செடி பச்சைப் பசேலென்று முளைத்து நிற்கிறது. இரண்டு மாதமாக நான் அதைக் கடந்து போய் வந்திருக்கிறேன். அவன் கையில் கொடுத்த இடம்வரை என் கண் போனது, குதிரை வாய்வரையும் போனது, அதற்கு அப்பால் போகவில்லை. 'அவிச்சுத் தாருங்கோ எண்டு கேட்டனான், உதுக்குப் பல்லு அரையாது' என்றான். ஏன் அரையாது என்று கேட்டேன். 'கிழவனுக்கு முறுக்குக் குடுத்தால் அரைப்பானோ?' என்று திருப்பிக் கேட்டான். ஏழு வயதுக் குதிரை எப்படிக் கிழவன் ஆகும் என்றேன். அப்போது அவன் சொன்னான், 'ஏழோ? ஐயாவிட்டை வந்த அண்டைக்கே சொன்னனான், பதினைஞ்சுக்கு மேலை எண்டு. அம்மாவிட்டைச் சொல்லாதை எண்டவர்.'

ஐயாவைக் கேட்டேன். உடனே முழங்கால் நோ வந்துவிட்டது. நான் விடவில்லை. கடைசியில் சொன்னார், குதிரை வாங்கும்போது பல்லைப் பிடித்துப் பார்க்க வேண்டும் என்று தமக்கும் தெரியுமாம், ஆனால் 'சம்பந்தம் பேசுற வீட்டிலை போய் வாயைத் திறக்கச் சொல்லிப் பல்லைப் பாக்கிறதோ, அந்தாள் என்ன நினைக்கும்? சுழி பாக்கிறதும் நாள் பாக்கிறதும் மரியாதையான காரியம், பல்லுப் பாக்கிறது சந்தைக்காரன்ரை வேலை' என்றார். பார்த்தாயா, மரியாதைக்கு இரண்டு மாடு. வந்த பிறகு செபநாயகம் சொன்னதைக் கேட்டும் வாயை மூடிக்கொண்டிருந்தது, சம்பந்தம் குழம்பிவிடும் என்ற பயத்திலாம். நான் ஒரு நாள் முழுக்க இவரோடு கதைக்கவில்லை. அந்தக் கிழமைதான் உன் புத்தகம் வந்தது. எனக்கு இங்கிலீசு தெரியாது, ஆனால் படத்துக்குப் பாஷை வேண்டியதில்லையே. நடுவில் ஒரு ஒற்றை முழுக்கக் குதிரைப் பல், வயசு வயசாக, பக்கத்தில் இலக்கம் போட்டிருக்கிறது. இலக்கம் எனக்குத் தெரியும். ஐந்து வயதில் பல் நேராக நிற்கிறது, பதினைந்தில் முன்னுக்குச் சரிந்து முற்றம் கூட்டுகிற விளக்குமாறுபோல நிற்கிறது. வாலிபக் குதிரையின் கீழ்ப்பல்லில் கறுப்புக் குழி, அதைச் சுற்றி வெள்ளை வளையம். செபநாயகம் வாயைத் திறந்து பிடிக்க, நான் புத்தகத்தை ஒரு கையிலும் கண்ணாடியை ஒரு கையிலும் வைத்துக்கொண்டு பார்த்தேன். கறுப்புக் குழி இருக்கிறது, வளையம் இல்லை. பல் சரிந்து நிற்கிறது. 'உது ஊசியாலை குழி தோண்டிப் பழுக்கக் காய்ச்சின கம்பியாலை சுட்டது அம்மா, நெடுந்தீவிலை இதைக் கண்டிருக்கிறன்' என்றான் செபநாயகம். பாவம், அந்தச் சீவனுக்கு எவ்வளவு நொந்திருக்கும். அன்றைக்கே கொள்ளை அவிக்கத் தொடங்கினேன். செபநாயகத்திடம், நான் அன்றைக்குக் கேட்டது பிழை என்று, ஐயர் வந்து நிற்கும் வேளை பார்த்து, இராசமலரையும் கூப்பிட்டு வைத்துக்கொண்டு சொன்னேன். நாலு பேருக்கு முன் சொன்ன பழியை மூலையில் நின்று எடுக்க முடியாது. அவன் 'சரி அம்மா, கொள்ளு அடிப்பிடிக்கப் போகுது, பாருங்கோ' என்றான்.

இந்த மனதோடே ஆவணி மூலத்துக்குக் கோயிலில் புராணம் கேட்கப் போய் இருந்தேன். நரியைப் பரியாக்கின திருவிளையாடல் படித்துப் பயன் சொன்னார்கள். பாண்டியன் குதிரைகளின் சுழி பார்த்து, நடை பார்த்து, கயிறு மாறி வாங்கினான், இரவு அவ்வளவும் நரியாகி, இருந்த பழைய குதிரைகளையும் கடித்துவிட்டு ஓடின. எத்தனை வருஷம் கேட்ட கதை, இந்த வருஷந்தான் எனக்கு ஒரு யோசனை, அந்த அரசன் ஒரு வாயைத் திறந்து பார்த்திருந்தால் நரிப்பல் தெரிந்திருக்குமே என்று. உடனே கன்னத்தில் போட்டுக்கொண்டேன், விற்க வந்தவர் சிவபெருமான், அவரிடம் வாயைத் திற என்று யார் கேட்பது? ஆனால் மார்க்கண்டு விதானையார் சிவபெருமான் அல்லர். குதிரையின் வயதைச் சுட்டு மாற்றுகிற கை, வேறு எதை மாற்றியிருக்கும்? பெண்ணின் சாதகம் வந்ததும் அதே கையிலிருந்துதான். குணலட்சுமிக்குப் பதினெட்டு வயது, பிரமாதீச வருஷத்துப் பிறப்பு என்று எழுதியிருந்தது. பத்துப் பொருத்தத்தில் எட்டுப் பொருந்துகிறது என்று சாத்திரியார் சொன்னதும் அந்தக் காகிதத்தை வைத்துத்தான். அந்த எட்டும் யாருடைய எட்டு?

அதனால் பலாப்பழம் வாங்கப் போகிறேன் என்று சொல்லி, போன கிழமை விடியப்புறம் கொடிகாமம் புறப்பட்டேன். ஐயா பிரயாணத்துக்கு ஒவ்வாத நாள் என்றார், நான் வண்டிலில் ஏறிவிட்டேன். செபநாயகம் பாதி வழி இறங்கி நடந்தே வந்தான், கிழட்டுக் குதிரைக்குப் பாரம் வேண்டாமென்று. மீசாலை தாண்டினதும் குதிரை காதை நிமிர்த்தியது, விதானையார் வளவுப் படலை தெரிந்ததும் கனைத்தது பார், நான் அதன் சத்தத்தை அன்றைக்குத்தான் முதன்முதல் கேட்டேன். உள்ளேயிருந்து ஒரு பெண் 'குஞ்சன்!' என்று கூப்பிட்டுக்கொண்டு ஓடி வந்தாள். தலையில் பாதி பின்னல், கையில் சீப்பு. என்னைக் கண்டு நிற்கவில்லை, நேரே குதிரையின் வாய்க்குத்தான் போனாள், நாக்கை ஒரு பக்கம் இழுத்துப் பிடித்துக்கொண்டு கையை உள்ளே விட்டாள். பிறகுதான் நிமிர்ந்து பார்த்து, 'ஐயோ மாமி, வாங்கோ, இருங்கோ' என்றாள். அவள்தான் குணலட்சுமி. கையெல்லாம் குதிரையின் வாய் நீர். மாநிறம், நெற்றியில் திருநீறு, நல்ல உயரம், உன் தோளுக்கு வருவாள். விதானையாரும் பெண்சாதி அருமைநாயகியும் ஓடி வந்து பாய் போட்டார்கள். எங்கள் வடக்கன் சோடி மாமரத்தடியில் நின்றது, மெலியவில்லை, கழுத்தில் புதுச் சலங்கை. என்னைக் கண்டு தலையைத் தூக்கின. நான் கண்ணைத் துடைத்துக்கொண்டு அந்தப் பக்கம் பாராமல் இருந்தேன். குணலட்சுமி தகப்பனிடம் போய், 'ஐயா, கடைவாய்ப் பல்லு கூராய் வளந்து உள்ளுக்குக் கன்னத்தைக் கிழிச்சுப் போட்டுது. வருஷத்துக்கு ஒருக்கா அராவ வேணும் எண்டு நீங்கள் மாமாவுக்குச் சொல்லேல்லையோ?' என்று கேட்டாள். விதானையார் சிரித்தார். 'பிள்ளைக்குக் குதிரையெண்டால் விசர் மச்சாள்' என்றார் எனக்கு. நான் அந்த இடத்தை விடவில்லை. 'ஏன் மேனை, ஏழு வயசுக் குதிரைக்கும் அப்பிடிப் பல்லு வளருமோ?' என்று ஒன்றும் அறியாதவள்போலக் கேட்டேன். அருமைநாயகி வெற்றிலைத் தட்டைக் கீழே வைத்தாள். விதானையார், 'பிள்ளை, உள்ளுக்குப் போய்த் தேத்தண்ணியைப் பார்' என்றார். அந்தப் பெண் போகவில்லை தம்பி. தகப்பனைப் பார்த்தாள், குதிரையைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்துச் சொன்னாள், 'ஏழில்லை மாமி. நான் ஏடு துடக்கின விசயதசமி அண்டு விடியப் பிறந்தவன் இவன். ஐயா கோவிக்கட்டும். வாயில்லாச் சீவன் பட்டினி கிடக்க நான் பொய் சொல்லி என்ன செய்யிறது.'

ஏடு தொடங்கி எழுத்துப் பழகுவது ஐந்து வயதில். அந்தக் குதிரைக்கு வருகிற விசயதசமியோடு பதினாறு முடிகிறது, செபநாயகம் சொன்னதும் புத்தகத்துப் படமும் அதே கணக்கு. ஐந்தும் பதினாறும் இருபத்தொன்று. சாதகத்தில் எழுதினபடி பார்த்தால் அவள் இரண்டு வயதில் ஏடு தொடங்கியிருக்க வேண்டும், அப்படி ஒரு பிள்ளையைப் பற்றி நான் கேள்விப்பட்டதில்லை. கை கழுவ வேண்டும் என்று கிணற்றடிக்குப் போனேன், அவள் தண்ணீர் அள்ளி வார்த்தாள். 'உனக்கு எத்தினை வயசு மேனை?' என்று கேட்டேன். 'நீங்கள் கூட்டிப் பார்த்திட்டியள் எண்டு முகத்திலையே தெரியுது, பிறகேன் மாமி என்னட்டைக் கேக்கிறியள்?' என்றாள். வாய்க்காரிதான், எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது, காட்டிக்கொள்ளவில்லை. இரண்டு இடம் பேசி வயது கூட என்று தள்ளிப் போனபிறகு தகப்பன் மூன்று வருஷத்தைக் குறைத்து வேறு சாதகம் எழுதுவித்தாராம். உண்மையான சாதக ஓலை பெட்டகத்துக்குள் இருக்கிறதென்று சொல்லி, தானே போய் எடுத்து வந்து, சீலைத் துண்டில் சுற்றி என் கையில் தந்தாள். தந்துவிட்டு, 'ஒரு காரியம் மட்டும் மாமி. இதை வாசிச்சுப் பொருந்தேல்லை எண்டால் என்னை விடுங்கோ, குஞ்சனைத் திருப்பி அனுப்பாதேயுங்கோ. உங்கை நிண்டால் நீங்கள் அவிச்சுக் குடுப்பியள். இஞ்சை வந்தால் ஐயா வேறை ஆற்றையும் தலையிலை கட்டி விடுவார். கொள்ளை அவிச்சு மத்தாலை கடைஞ்சு, தவிட்டோடை கொஞ்சம் பனங்கட்டியும் போட்டுப் பிசைஞ்சு குடுங்கோ. அறுகம்புல்லை நாலு விரல் நீளத்துக்கு நறுக்க வேணும். பல்லை அராவச் செபநாயகத்துக்குத் தெரியும்' என்றாள். விதானையார் வாசல் வரைக்கும் வந்து, 'மச்சாள், நாளைக்கே சோடியைக் கொண்டுவந்து கட்டிவிடுறன், மனதிலை வையாதேயுங்கோ' என்றார். என் மகனின் கடிதம் வரும்வரை மாடு அங்கேயும் குதிரை இங்கேயும் நிற்கட்டும் என்று சொல்லிவிட்டு வந்தேன். பலாப்பழம் வாங்க மறந்துவிட்டேன், அதற்கு ஐயா இன்றைக்கும் சிரிக்கிறார்.

இனி உன்னுடைய காரியத்துக்கு வருகிறேன். உன் கடிதத்தில் குதிரைக்கு மார்பு அகலம் வேண்டும், ஓடி முடித்ததும் மூக்குத் துவாரம் எப்படி இருக்கிறதென்று பார்க்க வேண்டும், மழை பெய்த நிலத்தில் எந்தக் குதிரை நன்றாக ஓடும் என்றெல்லாம் எழுதியிருந்தாய். ஈப்போவில் இரெயில்வேக் கந்தோரில் பேரேடு எழுதுகிறவனுக்கு மழை நிலத்தில் ஓடுகிற குதிரையைப் பற்றி யார் சொல்லிக் கொடுத்தது என்று அப்போதே நினைத்தேன். பிறகு உன் புத்தகத்தின் கடைசி வெள்ளை ஒற்றையில் பென்சிலால் எழுதியிருந்ததைக் கண்டேன். உன் எழுத்துத்தான், அந்த ஏழு போடுகிற வளைவு எனக்குத் தெரியாதா. ஐயாவைக் கேட்டேன், 'அது புத்தகக்காரன் எழுதின குறிப்பு' என்றார், முழங்காலைத் தடவினார். அதனால் உனக்குப் படிப்பித்த தில்லைநாதன் வாத்தியாரிடம் கொண்டு போனேன். அவர் வாசித்துவிட்டு, மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, திரும்பப் போட்டு, 'தங்கச்சி, இது குதிரையளின்ரை பேர்' என்றார். கறுப்பு இளவரசனாம், கடற்காற்றாம், வியாழக் கிழவனாம். எல்லாம் சனிக்கிழமைத் தேதி. 'பந்தயத்திலை ஓடுற குதிரையள்' என்றார், அதற்கு மேல் சொல்லவில்லை. பக்கத்தில் எழுதியிருந்த தொகையை அவர் வாசிக்கவில்லை, வாசிக்கத் தேவையுமில்லை, இலக்கம் எனக்குத் தெரியும் என்று மேலே எழுதியிருக்கிறேன். சரி போட்டது இரண்டு, வெட்டினது பதினொன்று. பொடியன்கள் விளையாட்டுக்கு எழுதினது என்று நீ சொல்லலாம். சிநேகிதனுடைய கணக்கு என்றும் சொல்லலாம். அங்கே கந்தோர்களில் ஆட்களை வேலையால் நிறுத்துகிற காலம் என்று பேப்பரில் போட்டிருக்கிறார்கள், அந்தக் காலத்தில் சனிக்கிழமை தோறும் நீ எங்கே நிற்கிறாய்?

தம்பி, நான் பங்குனி மாதம் அருமைநாயகியின் குசினியில் இருந்து சொன்ன வார்த்தை ஒன்று இருக்கிறது. 'எங்கடை பிள்ளைக்குக் கந்தோரும் கோயிலும் தவிர வேறை வழி தெரியாது' என்று சொன்னேன். அந்தப் பெண் அன்றைக்கு என் முன்னுக்கு வரவில்லை, ஆனால் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டுக்கொண்டுதான் இருந்திருப்பாள். அவள் தன் சம்பந்தம் போனாலும் போகட்டும் என்று தன் வயதைத் தன் வாயால் சொல்லிவிட்டாள். நான் சொன்னது பொய்யென்றால், விதானையார் குதிரைப் பல்லில் செய்ததை நான் என் மகனுக்குச் செய்திருக்கிறேன். அவருடைய கம்பிக்கும் என் நாக்குக்கும் என்ன வித்தியாசம்? அவளுடைய ஓலையை நான் சாத்திரியாரிடம் இன்னும் காட்டவில்லை. பிள்ளையார் பாதத்தில் வைத்துக் கும்பிட்டு, சாமி அறைப் பெட்டியில் பூட்டி வைத்திருக்கிறேன். உன் பதில் வந்தபிறகுதான் எடுப்பேன். அந்தக் குதிரைப் பந்தயத்துக்குப் போனாய் என்றால் போனேன் என்று எழுது, எத்தனை தரம், இன்னும் போகிறாயோ, ஆருக்கும் கொடுக்க வேண்டியது உண்டோ, எல்லாவற்றையும் எழுது. அதை நானே கொடிகாமத்துக்குக் கொண்டுபோய் அந்தப் பிள்ளைக்கு வாசித்துக் காட்டுவேன், பிறகு அவள் ஓம் என்றால் ஓம், இல்லை என்றால் இல்லை. போகவில்லை என்றால் பிள்ளையார் மேல் ஆணையிட்டு அதை எழுது, நான் நம்புகிறேன். நம்புவேன் என்றுதான் எழுதுகிறேன், நீ என் மகன்.

சனிக்கிழமைகளில் தலைக்கு நல்லெண்ணெய் வைத்து முழுகு, முழுகி வெயிலில் எங்கும் போகாதே, வீட்டில் நில். இத்துடன் பிள்ளையார் கோயில் திருநீறு மடித்து வைத்திருக்கிறேன், மடிப்பு நான்கு, குறைந்திருந்தால் எழுது. பதிலை ஐயா பேருக்கு எழுதாமல் என் பேருக்குத் தமிழில் எழுது, இவர் பிரித்து வாசித்தால் எனக்குச் சொல்லுகிற நேரம் முழங்கால் நொந்துவிடும். நல்லம்மா அண்ணையை விசாரித்ததாக எழுதச் சொன்னாள். சகல சம்பத்தும் பெற்று, நோய் நொடியின்றி, நேர்வழியில் நடந்து நீ நீடூழி வாழ விநாயகப் பெருமானைப் பிரார்த்திக்கிறேன்.

இப்படிக்கு,
உன் வரவையும் உன் பதிலையும் பார்த்திருக்கும் அம்மா,
அருளம்பலம் பராசக்தி

இதை ஒட்டுமுன் எழுதுகிறேன். செபநாயகம் முந்தாநாள் பல்லை அராவி முடித்தான். இன்று காலை சுளகை நானே கிணற்றடிக்கு எடுத்துப் போய் லத்தியைக் கழுவிப் பார்த்தேன். ஒரு கொள்ளுக்கூட முழுசாக இல்லை. 'குஞ்சன்' என்று கூப்பிட்டேன், திரும்பிப் பார்த்தான்.